மூன்று மீட்டர் நாற்பது

லென்ஸிலிருந்து கண்வரை
நாடா பிடித்து அளப்பது என் வேலை.
ஸ்வெர்த்லோவ்ஸ்க் ஸ்டுடியோவின் சம்பளப் பட்டியலில்
இரண்டாம் உதவியாளர், கபிதோலினா.
ஸாவா பிலிப்போவிச் மட்டும்
என்னைத் "தொலைவு" என்பார்.
"தொலைவு, கிட்டே வா."

போர்முனையில் அவரிடம் இருந்த காமிரா
சாவி திருகினால் இருபது நொடி ஓடும்.
அதற்குள் எதிரே ஓடுகிறவன் விழவேண்டும்,
அல்லது விழாதிருக்கவேண்டும்.
போரைப் பற்றி அவர் சொன்னது இவ்வளவுதான்:
வில் தளர்ந்த கடைசி நொடிகளில்
திரையில் எல்லோரும் விறுவிறுவென்று நடப்பார்கள்.
"அவசரம் அவர்களுக்கில்லை.
காமிராவுக்கு மூச்சு வாங்கியது."

பிறகு உருக்காலை.
அதன் பிறகும் உருக்காலை.
உலை முன் சிரிக்கும் தொழிலாளி,
நெற்றியில் கிளிசரின் வியர்வை.
வெளிச்சம் இடப்பக்கமிருந்தே வரட்டும் என்று
யாரோ தொலைபேசியில் சொன்னார்கள்.
கேலியா கட்டளையா, இன்றுவரை தெரியாது.
ஸாவா விளக்கை இடப்பக்கம் நகர்த்தினார்.
இரண்டு பதக்கம், ஜன்னல் வைத்த சமையலறை.

கலர் வந்தது.
நம் சுருளில் ஒரு டப்பாவின் பனி நீலம்,
அடுத்த டப்பாவில் அதே பனி பீட்ரூட் சாறு.
நல்ல சுருள் எண்ணூறு மீட்டர் தருவார்கள்,
கதாநாயகியின் முகத்துக்கு மட்டும்.

அறுபத்தேழில்
கறுப்பு வெள்ளைதான் வேண்டும் என்று
அவரே எழுதிக் கேட்டார்.
இசெத் ஆற்றோரம் ஒரு சலவைக்கூடம்.
நடிகை வேண்டாம் என்றார்.
ஃபெவ்ரோனியா அங்கே துணி வெளுக்கிறவள்.
ஆவிக்குள்ளிருந்து நிமிர்ந்தாள்,
லென்ஸுக்குள் பார்த்தாள்.
மூன்று மீட்டர் நாற்பது.
நிறுத்து என்று யாரும் சொல்லவில்லை.
அவள் ஒரு மூச்சளவு முன்னே சாய,
நான் வளையத்தை ஒரு மூச்சளவு திருப்பினேன்.
சுருள் தீர்ந்து
காமிரா வெறுமனே சுற்றியது.
அப்போதும் பார்த்துக்கொண்டிருந்தாள்.

குழுத் தலைவர் ஜெர்னோவ்
விளக்கைப் போடச் சொன்னார்.
"இந்தப் பெண் ஏன் என்னைப் பார்க்கிறாள்?"

பதினோரு பேர் இருந்தோம்.
ஒருவரும் வாய் திறக்கவில்லை.

நெகட்டிவைக் கழுவி வெள்ளி எடுத்தார்கள்.
ரசீது வந்தது:
எழுநூற்றுப் பத்து கிராம்.
ஸாவா தன் முழுப்பெயரை,
தகப்பன் பெயரோடு, நிதானமாக எழுதிக்
கையெழுத்திட்டார்.
பேனாவைத் திருப்பிக் கொடுக்க மறந்துவிட்டார்.

பிறகு செய்திப்படம்.
உருளைக்கிழங்கு, பாலத் திறப்பு, முட்டையிடும் கோழி,
மறுபடி உருளைக்கிழங்கு.
எடுத்த வெள்ளி சுருள் ஆலைக்கே திரும்பும்
என்று கிடங்குக்காரன் சொல்லிவிட்டான்.
அதோடு சரி.
எதைப் போட்டுப் பார்த்தாலும்
திரையோடு மூக்கு ஒட்டி நிற்பார்,
வயலின் மேல் கொதிக்கும் புள்ளிகளில்.
"என்ன பார்க்கிறீர்கள்?"
"குசலம் விசாரிக்கிறேன்."

எழுபத்தாறில் இறந்தார். நுரையீரல்.
ஸ்டுடியோ மலர்வளையத்தில்
பெயரில் ஓர் எழுத்து தப்பு.

போன மாதம் சாஸேஜ் வரிசையில்
இரண்டு பேருக்கு முன்னால் ஃபெவ்ரோனியா.
உடம்பு பெருத்திருந்தாள்.
அவள்தான் என்னைக் கண்டுகொண்டாள்.
"அந்தப் படம் வந்ததா?"
"வந்தது," என்றேன். "மின்ஸ்க்கில் ஓடியது."
ஏன் மின்ஸ்க் என்று எனக்கே தெரியாது.
"என் கை தெரிந்ததா அதில்?
அப்போது தோல் உரிந்து கிடந்தது."
"முகம் மட்டும்தான்."
"நல்லதாய்ப் போயிற்று," என்றவள்
திரும்பிக்கொண்டாள்.
முதுகுவரை ஒன்று எண்பது இருக்கும்.
கை தானாகக் கோட்டுப் பைக்குள்
நாடாவைத் தேடியது.

சாஸேஜ் அவளோடு தீர்ந்தது.